கேழ்வரகுச் சேவையும் உலர் இறால் சாறும்: பழவேற்காட்டுக் கரைக்கேற்ற குளிர்ந்த உணவு

பழவேற்காடு ஏரியைச் சுற்றியுள்ள மீனவர் கிராமங்களில் சித்திரையும் வைகாசியும் நெருக்கடியான மாதங்கள். முகத்துவாரம் மணலால் தூர்ந்து கடல்நீர் வரத்துக் குறையும் காலத்தில் ஏரியில் பாடும் குறைகிறது. அதே பருவத்தில், ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாட்களுக்கு, விசைப்படகுகள் கடலில் மீன் பிடிப்பதும் தடுக்கப்பட்டிருக்கிறது. அப்பொழுது வீட்டில் எஞ்சி நிற்பவை உலர்ந்த இறாலும் கருவாடுமே. இக்கிராமங்களுக்கு மேற்கேயுள்ள குடியானவர்களோ, கேழ்வரகு பயிரிட்டால் கூழுக்கும் களிக்கும் அன்றி வேறெதற்கு ஆகும் என்று தயங்குகிறார்கள். இவ்விரு சாராரிடமும் ஒரே உணவின் இரு பாதிகள் இருக்கின்றன. அவற்றை ஒன்று சேர்க்கும் விதத்தை இங்கு விவரிக்கலாம்.

இதற்கு ஜப்பானியரின் வழக்கம் நல்ல உதாரணமாகும். அவர்கள் ‘ஸொபா’ என்னும் மெல்லிய இழையுணவை வேனிற்காலத்தில் குளிர வைத்து, மூங்கில் தட்டில் பரப்பி, தனிக் கிண்ணத்திலுள்ள சாற்றில் தோய்த்து உண்கிறார்கள். அதற்குரிய தானியம் வடநாட்டில் குட்டு என்றும், ஆங்கிலத்தில் பக்வீட் என்றும் வழங்குவது. சாற்றின் அடிப்படையோ சூரை இன மீனை அவித்து, புகையூட்டி, கட்டை போல் உலர்த்திச் சீவிய துருவல். நம் கடற்கரையில் மாசி என்று விற்கப்படுவது இதற்கு நெருங்கிய இனம். ஆகவே, உலர்ந்த மீனின் சாற்றில் தானிய இழையைத் தோய்த்து உண்பது நமக்கு அந்நியமான காரியமன்று.

குட்டு மாவில் குளூட்டன் என்னும் பசைச்சத்து இல்லை. ஆகையால் அதனை இழையாக்கினால் எளிதில் முறியும். இதற்குப் பரிகாரமாக ஜப்பானியர் பலர் 8 பங்கு குட்டு மாவுக்கு 2 பங்கு கோதுமை மாவு சேர்க்கின்றனர். கேழ்வரகிலும் குளூட்டன் கிடையாது. ஆனால் கொதிநீரும் ஆவியும் கொண்டு மாவைப் பிணைக்கும் முறையை நம் பெண்மக்கள் இடியாப்பத்தில் நெடுங்காலமாகக் கையாண்டு வருகிறார்கள். கொதிநீர் பட்டதும் மாவிலுள்ள ஸ்டார்ச்சு வெந்து பசையாகிறது. ஆறியபின் அது இறுகி இழையை நிலைக்கச் செய்கிறது. கோதுமை வேண்டுவதில்லை.

செய்முறை: கேழ்வரகைக் கல் நீக்கிக் கழுவி, நிழலில் உலர்த்தி, நைஸாக அரைத்துச் சலிக்கவும். 3 பங்கு கேழ்வரகு மாவுடன் 1 பங்கு பச்சரிசி மாவு சேர்த்து, இளந்தீயில் வாசனை வரும் வரை வறுக்கவும். உப்பும் ஒரு தேக்கரண்டி நல்லெண்ணெயும் இட்டு, நன்றாய்க் கொதிக்கும் நீரைச் சிறிது சிறிதாக ஊற்றிக் கிளறவும். மாவின் அளவுக்குச் சமமாகவோ சற்று மிகுதியாகவோ நீர் பிடிக்கும். கை பொறுக்கும் சூட்டிலேயே பிசைந்து, உடனே சேவை நாழியில் இட்டுத் தட்டில் பிழிந்து, 10 நிமிஷம் ஆவியில் வேகவைக்கவும். மாவு ஆறிவிட்டால் பிழிவது கடினம். இழையும் அறுந்து போகும்.

இங்கே என் அநுபவத்தில் நேர்ந்த ஒரு பிழையைச் சொல்லவேண்டும். ஸொபாவைக் கொதிநீரில் ஓரிரண்டு நிமிஷம் வேகவைத்தவுடன் குளிர்ந்த நீரில் அலசுவார்கள். அதைப் படித்திருந்த நான், ஏரிக்கரைக் கிராமமொன்றில் பெண்கள் கூடியிருந்த இடத்தில், வெந்த கேழ்வரகுச் சேவையைச் சூட்டோடு தண்ணீரில் அமிழ்த்தினேன். இழைகள் கரைந்து குழம்பின. கூழ் காய்ச்ச இவ்வளவு சுற்றுவழி எதற்கு என்று ஒரு மூதாட்டி கேட்க, அனைவரும் நகைத்தனர். மறுமுறை அவர் சொற்படி பனையோலைத் தட்டில் உதிர்த்து, ஈரத்துணியால் மூடி, நிழலில் அரைமணி நேரம் ஆறவிட்டோம். இழைகள் தனித்தனியாய் நின்றன. பழவேற்காட்டுப் பெண்கள் முடையும் ஓலைத்தட்டு, மூங்கில் தட்டின் வேலையை நன்கு செய்கிறது.

சாறு: உலர்ந்த சிற்றிறால், அதாவது சென்னாக்கூனி, 30 கிராம் எடுத்து மணலும் தூசியும் போகப் புடைத்து, கழுவி, வெறுஞ்சட்டியில் வறுக்கவும். அரை லிட்டர் நீரில் 10 நிமிஷம் கொதிக்கவிட்டு வடிக்கவும். வடித்த நீரில் நெல்லிக்காயளவு புளியின் கரைசல், சிறிது வெல்லம், நசுக்கிய மிளகு, சீரகம், பூண்டு சேர்த்துச் சற்றுச் சுண்டவிட்டு இறக்கி, ஆறவைக்கவும். இழையின் நுனி மட்டுமே தோய்வதால், ரசத்தைக் காட்டிலும் இது சற்றுக் காரமாக இருக்கவேண்டும். உலர்ந்த இறாலிலேயே உப்பு இருக்கக்கூடுமாதலால் ருசி பார்த்தபின் உப்பிடவும். உண்ணும் சமயத்தில் பொடியாய் அரிந்த சின்ன வெங்காயம் தூவலாம். இறால் ஒவ்வாதவர்கள் இச்சாற்றை விலக்க வேண்டும். கோடையில் சேவையையும் சாற்றையும் மறுநாளுக்கு வைத்தல் கூடாது.

இவ்வுணவின் தரம் இறாலைக் காயவைக்கும் இடத்திலேயே நிச்சயமாகிறது. வெறுமணலில் பரப்பிய இறாலை எத்தனை முறை கழுவினாலும் பல்லில் மணல் நறநறக்கும், விலையும் குறையும். தரைக்கு மேலே கம்பு நட்டு வலை விரித்து உலர்த்தினால் காற்று இருபுறமும் பாயும், விரைவில் காயும், நாய், கோழி அண்டா.

மேட்டுப்பாங்கான நிலமுடையவர்கள் கேழ்வரகைக் கவனிக்க வேண்டும். நெல்லைவிட நீர் குறைவாகக் கேட்பது. ஓரளவு உவரையும் தாங்குவது. 100 கிராம் கேழ்வரகில் ஏறக்குறைய 350 மில்லிகிராம் சுண்ணாம்புச் சத்து உண்டு. தீட்டிய அரிசியில் அது மிகச் சொற்பம். 2023ஆம் ஆண்டை ஐக்கிய நாடுகள் சபை சிறுதானிய ஆண்டாகக் கொண்டாடியது. ஆனால் கொண்டாட்டத்தினால் மட்டும் தானியம் விலை போவதில்லை. அடுக்களையில் இடம் பெற்றாலன்றோ சந்தையில் இடம் பெறும்!

ஆகையால், கிராம அதிகாரிகள் தத்தம் ஊரில் மகளிர் குழுவினரைக் கூட்டி இதனை ஒருமுறை செய்து காட்டும்படியும், நிலச்சுவான்தார்கள் அறுவடையில் ஒரு மூட்டைக் கேழ்வரகையேனும் மாவாக்கி ஏரிக்கரைச் சந்தைக்கு அனுப்பிப் பார்க்கும்படியும் கேட்டுக்கொள்ளப்படுகிறார்கள். வலை உலர்ந்து கிடக்கும் நாட்களிலும் அடுப்பு உலராதிருக்க இது ஒரு வழியாகும்.