தட்டைத் தலையும் செங்கீரைப் பருவமும்

பிறந்த குழந்தையின் தலை அழகிய உருண்டையாக அமைய வேண்டும் என்னும் விருப்பம் தமிழர் இல்லங்களில் வழிவழியாக வருவதாகும். எண்ணெய் தேய்த்து நீராட்டும் பாட்டி குழந்தையின் மூக்கை நீவி விடுவாள். தலையை உள்ளங்கையால் உருட்டி விடுவாள். கடுகு நிரப்பிய சிறு தலையணையில் படுக்க வைக்கும் வழக்கமும் உண்டு. பிரிக்பீல்ட்ஸ் அடுக்குமாடி வீடுகளிலும் கிள்ளான் இல்லங்களிலும் இத்தகைய பழக்கங்கள் இன்னும் முற்றும் மறைந்துவிடவில்லை. இத்துணைக் கவனத்திற்குப் பின்னரும் இரண்டு மூன்று மாதக் குழந்தையின் பின்தலை தட்டையாகவோ ஒருபுறம் சரிந்தோ காணப்படுவது உண்டு. அப்பொழுது சுற்றத்தார் தாயையே குறை கூறுவர். அது நேர்மையன்று. இக்குறை எவ்வாறு தோன்றுகிறது, எப்பொழுது அஞ்சுதல் வேண்டும், எதனால் தீரும் என்பவற்றை அறிந்தால் வீண்பழியும் நீங்கும். அதனினும் பெரிய ஏதத்தினின்று குழந்தையைக் காக்கவும் இயலும்.

தலையோட்டின் அமைப்பு

வளர்ந்தோர் தலையோடு ஒரே கலம்போலத் தோன்றினும், குழவியின் தலையோடு பல தனித்தனி எலும்புத் தகடுகளால் ஆயது. தகடுகளுக்கு இடையேயுள்ள இணைப்புகளைப் பொருத்துவாய்கள் என்பர். பல தகடுகள் கூடுமிடத்தில் எலும்பு மூடாத மெல்லிய பகுதி உண்டு, அதுவே உச்சிக்குழி. பின்னுள்ள சிறிய குழி இரண்டு மூன்று மாதங்களிலும், முன்னுள்ள பெரிய குழி பெரும்பாலும் ஒன்றரை ஆண்டளவிலும் மூடிக்கொள்ளும். இவ்வமைப்பு இருவகையில் பயன்படுகிறது. பிறப்பு வழியில் தகடுகள் நெருங்கி இடம் கொடுக்கின்றன. பிறந்தபின் விரைந்து வளரும் மூளைக்கு விரிந்து இடம் கொடுக்கின்றன. பிறக்கும்போது ஏறத்தாழ 35 சென்டிமீட்டராக இருக்கும் தலைச் சுற்றளவு ஓராண்டில் ஏறத்தாழ 46 சென்டிமீட்டர் ஆகிறது. இவ்வளர்ச்சியில் பெரும்பகுதி முதல் ஆறு மாதங்களில் நிகழ்வது.

இவ்வாறு வளரும் தலை, தடையுள்ள பக்கத்தில் குறைந்தும் தடையற்ற பக்கத்தில் மிகுந்தும் வளரும். மலேசியாவிலேயே இதற்குச் சிறந்த சான்று உண்டு. சரவாக்கில் வாழும் மெலனாவ் மக்கள் முற்காலத்தில் தட்டையான நெற்றியை அழகெனக் கருதினர். அதன் பொருட்டுக் குழந்தையின் நெற்றியில் மெத்தை வைத்த மரச்சட்டத்தைக் கயிற்றால் பிணைத்து அழுத்துவர். சார்லஸ் ஹோஸ், வில்லியம் மக்டூகல் என்னும் இருவர் போர்னியோ மக்களைப் பற்றி 1912-இல் வெளியிட்ட நூலில் இவ்வழக்கத்தைக் குறித்துள்ளனர். மென்மையான அழுத்தமும் தொடர்ந்து இருப்பின் தலை வடிவை மாற்றும் என்பது இதனால் விளங்கும். அங்கே சட்டம் செய்ததை இங்கே படுக்கையே செய்துவிடுகிறது.

குறை பெருகிய காரணம்

கடந்த முப்பது ஆண்டுகளில் தட்டைத் தலை மிகுதியாகக் காணப்படுவதற்கு ஒரு நல்ல செயலே காரணமாயிற்று. உறக்கத்திலேயே குழந்தைகள் திடீரென உயிர் நீக்கும் நிலை, குப்புறப் படுக்க வைக்கப்பட்ட குழந்தைகளிடையே மிகுதி என்பது ஆராய்ச்சியால் தெளிவாயிற்று. ஆதலின் பிரிட்டனில் 1991-இலும் அமெரிக்காவில் 1994-இலும், குழந்தையை மல்லாந்தே உறங்க வைக்குமாறு பேரியக்கங்கள் தொடங்கின. அமெரிக்காவில் 1992-இல் ஆயிரம் பிறப்புக்கு 1.2 ஆக இருந்த இத்தகைய மரணம் 2001-இல் 0.56 ஆகக் குறைந்தது. ஆயிரக்கணக்கான உயிர்கள் காக்கப்பெற்றன. மல்லாந்தே கிடத்தலால் பின்தலை தட்டையாதல் மட்டும் பெருகியது. கனடாவின் கால்கரி நகரில் ஏழு முதல் பன்னிரண்டு வாரக் குழந்தைகள் 440 பேரை ஆராய்ந்து 2013-இல் வெளியிட்ட முடிவின்படி, 205 பேரிடம் தலைச் சரிவு ஓரளவேனும் இருந்தது. அவற்றுள் நான்கில் மூன்று பங்குக்கு மேற்பட்டவை இலேசானவையே.

மல்லாந்து கிடக்கும் எல்லாக் குழந்தைகளுக்கும் இது நேர்வதில்லை. ஒரே பக்கம் தலையைத் திருப்பியிருக்கும் குழந்தைக்கே மிகுதியாக நேரும். கழுத்துத் தசை ஒருபுறம் இறுகியிருத்தல், குறைமாதப் பிறப்பு, கருவறையில் இடநெருக்கடியுற்ற இரட்டைப் பிறப்பு, புட்டிப்பாலை எப்பொழுதும் ஒரே கையில் ஏந்திப் புகட்டுதல் ஆகியவை இதற்குத் துணை செய்வன. ஒளி வரும் சன்னலையோ சுழலும் மின்விசிறியையோ ஒரே திசையில் நோக்கிக் கிடத்தலும் அவ்வாறே. நெடுநேரம் கார் இருக்கையிலோ ஸ்பிரிங் தொட்டிலிலோ விட்டு வைப்பதும் நன்றன்று.

அஞ்ச வேண்டுவது எது?

படுக்கையால் வந்த தட்டைத் தலை மூளையை நெருக்குவதில்லை. இத்தகைய குழந்தைகளுள் சிலர் தவழ்தல் முதலியவற்றில் சற்றுப் பிந்துவர் என்பது உண்மையே. அசைவு குறைந்த குழந்தை ஒரே நிலையில் மிகுதியாகக் கிடக்குமாதலின், பிந்துதலே தட்டைக்குக் காரணமாதலும் கூடும். எனவே அத்தகைய குழந்தையின் வளர்ச்சியைக் கருத்துடன் கவனித்தல் வேண்டும்.

அஞ்சத்தக்கது வேறொன்று உண்டு. பொருத்துவாய் காலத்திற்கு முன்னரே எலும்பாக இறுகிவிடுவது அது. ஏறத்தாழ இரண்டாயிரம் முதல் இரண்டாயிரத்து ஐந்நூறு பிறப்புக்கு ஒன்று இவ்வாறு அமையும். நீராட்டியபின் ஈரத்தலையை மேலிருந்து நோக்கினால் வேறுபாட்டை ஒருவாறு உணரலாம். படுக்கையால் வந்த சரிவில், தட்டையான பக்கத்துக் காதும் நெற்றியும் சற்று முன்தள்ளியிருக்கும். தலை சாய்ந்த நாற்கோணம்போல் தோன்றும். பின்புறப் பொருத்துவாய் இறுகியதாயின், அப்பக்கத்துக் காது பின்னோக்கியோ கீழிறங்கியோ இருப்பது வழக்கம். முன்னது பிறந்த சில வாரங்களுக்குப் பின் தோன்றும். பின்னது பெரும்பாலும் பிறவியிலேயே தொடங்கி நாளும் மிகும். பொருத்துவாயின்மேல் வரம்புபோல் மேடு தட்டுப்படுதல், உச்சிக்குழி மிக முன்னதாக மூடுதல், தலைச் சுற்றளவு வளராதிருத்தல் ஆகியவையும் அபாயக் குறிகள். இதற்கு அறுவை மருத்துவமே தீர்வு, காலந்தாழ்த்துதல் கூடாது.

அரசாங்கச் சுகாதார நிலையங்களில் தடுப்பூசிக்குச் செல்லும்போது குழந்தையின் தலைச் சுற்றளவை அளந்து சுகாதாரப் புத்தகத்தில் குறிப்பர். அவ்வெண்களைப் பெற்றோர் புறக்கணித்தல் ஆகாது. ஐயமெழுந்தால் அங்கிருந்தே கிள்ளான் தெங்கு அம்புவான் ரஹிமா மருத்துவமனை, கோலாலம்பூர் துங்கு அசிசா மருத்துவமனை போன்ற பெருமருத்துவமனைகளுக்கு வழிகாட்டல் பெறலாம்.

தீர்க்கும் வழி

பிள்ளைத்தமிழின் பத்துப் பருவங்களுள் இரண்டாவது செங்கீரை. ஒரு காலை மடக்கி, மற்றொரு காலை நீட்டி, இரு கைகளையும் தரையில் ஊன்றித் தலைநிமிர்ந்து குழந்தை அசைந்தாடும் நிலையை அது குறிக்கும். ஐந்தாம் மாதத்துக்கு உரியதாக அதனைக் கூறுவர். புலவர் கண்டது குழந்தையின் அழகை. தலை வடிவத்திற்கு மருந்தாக அதனைப் பாடினாரல்லர். ஆயினும் இன்றைய மருத்துவர் கூறும் முதற்பயிற்சி இந்நிலைக்கே குழந்தையை அழைத்துச் செல்கிறது.

குழந்தை விழித்திருக்கும்போது, பெரியவர் ஒருவர் அருகிருந்து பார்க்க, அதனைக் குப்புறப் படுக்க வைத்து விளையாடச் செய்தல் வேண்டும். முதல் வாரங்களில் நாளுக்கு இரண்டு மூன்று முறை, மூன்று முதல் ஐந்து நிமிடம் போதும். ஏழு வார அளவில் நாளொன்றுக்குப் பதினைந்து முதல் முப்பது நிமிடம் வரை கூட்டலாம். பின்தலையின் சுமை குறைவதோடு கழுத்தும் தோளும் வலுப்பெறும். தலை நின்ற குழந்தை தானே பல பக்கம் திரும்புமாதலின் தட்டையும் படிப்படியாகக் குறையும்.

உறங்கும்போது மல்லாந்த நிலையே வேண்டும். தலையை மட்டும் ஒருநாள் வலப்பக்கமும் மறுநாள் இடப்பக்கமும் திருப்பி வைக்கலாம். படுக்கையில் தலைமாட்டைக் கால்மாடாக மாற்றினால், ஒளியையும் தாயின் முகத்தையும் தேடிக் குழந்தை தானே மறுபக்கம் திரும்பும். பாலூட்டும் கையையும் மாற்றிக்கொள்ளுதல் நன்று. கழுத்து இறுக்கம் இருப்பின் இயன்மருத்துவர் காட்டும் பயிற்சியைத் தொடங்குதல் வேண்டும். எவ்வளவு இளமையில் தொடங்குகிறதோ அவ்வளவு பயன் மிகும்.

தலைக்கவச மருத்துவமும் உண்டு. அமெரிக்காவில் ஸ்டெர்லிங் கிளாரன் 1979-இல் இதனை விளக்கி எழுதினார். நாள் முழுதும், ஓரிரு மணிநேரம் நீங்கலாக, சில மாதங்கள் அணிவிப்பர். நெதர்லாந்தில் மிதமானது முதல் கடுமையானது வரை சரிவுடைய 84 குழந்தைகளிடம் செய்து 2014-இல் வெளியிட்ட ஆய்வில், இரண்டு வயதில் முற்றும் சீரானோர் கவசம் அணிந்தவருள் நூற்றுக்கு 26, அணியாதவருள் 23. வேறுபாடு மிகச் சிறிது. அணிவித்த பெற்றோர் யாவரும் தோலெரிச்சல் முதலிய ஏதேனுமொரு தொல்லையைக் கூறினர். மிகக் கடுமையான சரிவுடையோர் அவ்வாய்வில் சேர்க்கப்படவில்லை. ஆதலின் கவசம் எல்லார்க்கும் வேண்டுவதன்று. பயிற்சியால் தீராத கடுமையான குறைக்கே மருத்துவர் அதனை எண்ணுவர்.

கடுகுத் தலையணையின் நிலை யாது? தலையணையில் முகம் புதைந்தால் தானே விலகிக்கொள்ளும் ஆற்றல் இளங்குழவிக்கு இல்லை. ஆதலின் உறங்கும் குழந்தைக்கு எவ்வகைத் தலையணையும் ஆகாது. உறுதியான சமதளப் படுக்கையே தக்கது என்பது மருத்துவர் முடிவு. பாட்டியின் கையால் எண்ணெய் நீராட்டு தொடரலாம். தலையை அழுத்திப் பிடித்தல் மட்டும் வேண்டா. தலையை உருட்டும் ஆசையால் உறங்கும் குழந்தையைக் குப்புற இடுவதோ பெரும்பிழை. தட்டையான தலை நாளடைவில் சீராகும். எஞ்சிய சிறு சரிவையும் முடி மறைத்துவிடும். போன உயிர் மீளாது. மல்லாந்து உறங்கவும், குப்புறக் கிடந்து விளையாடவும் குழந்தையைப் பழக்குவதே இரண்டையும் காக்கும் வழியாகும்.