உங்களுக்குத் தெரியுமா? பழைய பென்ஸும் மரக்காணம் உப்புக் காற்றும்

இந்தியாவில் தயாரான முதல் பென்ஸ் கார், டபிள்யூ 124. 1984-ல் அறிமுகமாகி, 1995-ல் புனேயில் உற்பத்திக்கு வந்தது.

முன்கண்ணாடிக்கு ஒரே வைப்பர்தான். ஆனால் அது வெறும் அரைவட்டம் போடாது. மேல்மூலையை நெருங்கும்போது கை நீளும், நடுவில் சுருங்கும். கண்ணாடியில் 86 சதவீதம் துடைபட்டுவிடும். ஐப்பசி மழையில் கிழக்குக் கடற்கரைச் சாலையில் ஓட்டியவர்களுக்கு அதன் அருமை தெரியும்.

இந்த வண்டியின் எதிரி துரு. அதற்கு மரக்காணத்தைவிட வசதியான ஊர் வேண்டாம். உப்பளப் பாத்திகள் சாலையை ஒட்டியே கிடக்கின்றன. காற்றின் ஈரப்பதம் சுமார் 75 சதவீதத்தைத் தாண்டினால், தகட்டில் படிந்த உப்புத் தூள் தானே ஈரத்தை இழுத்துக் கரைந்துவிடும். மழையே இல்லாமல் இரும்பு உப்புநீரில் ஊறும்! முன் மட்கார்டின் ஓரமும், கதவுக்குக் கீழே ஜாக்கி மாட்டும் துளைகளும்தான் முதலில் அரிக்கும். துளையின் பிளாஸ்டிக் மூடியைக் கழற்றுங்கள். உள்ளே ஈரச் சேறும், விரலில் ஒட்டும் செம்பழுப்புப் பொருக்கும் இருந்தால் டிங்கரிங் வேலை காத்திருக்கிறது.

1990-களின் முற்பாதி வண்டிகளில் இன்னொரு தொல்லை: இன்ஜின் ஒயர்களின் உறை சூட்டில் காய்ந்து பொடியாக உதிரும். வாங்குமுன் அதையும் பாருங்கள்.

மரக்காணம் வழியே போய்வந்தால், அன்றே நல்ல தண்ணீரில் அடிப்பாகத்தைக் கழுவிவிடுங்கள்.