சம்பள பாக்கிக்குக் கிடைத்த ஊர்

1679-ஆம் ஆண்டு போலந்து அரசர் மூன்றாம் யான் சோபியெஸ்கியின் கஜானா காலி. குதிரைப்படை வீரர்களில் ஒரு கூட்டத்துக்குப் பல வருடச் சம்பளம் பாக்கி. அவர்கள் சாதாரணக் கூட்டமும் இல்லை. சம்பளம் வரவில்லை என்று ஒருமுறை எதிரி முகாமுக்கே போய்விட்டுத் திரும்பியவர்கள். பணமாகக் கொடுக்க வழியில்லாத அரசர், குரோட்னோ, ப்ரெஸ்ட், கோப்ரின் பகுதிகளில் தம் வசம் இருந்த அரச பண்ணைகளிலிருந்து நிலத்தை வெட்டிக் கொடுத்துக் கணக்கை நேர் செய்தார். அப்படிக் கைமாறிய கிராமங்களில் ஒன்று குருஷினியானி. வாங்கிக்கொண்டவர்கள் தாத்தார்கள். முஸ்லிம்கள்.

இன்று அங்கே குடியிருப்பவர்கள் இருநூறு பேர்கூட இல்லை. கத்தோலிக்க நாடு என்று உலகம் அறிந்த போலந்தில், இந்தச் சின்ன ஊரின் நடுவில் பச்சை வண்ணம் பூசிய மரப் பள்ளிவாசல் ஒன்று லிண்டன் மரங்களுக்கிடையில் நிற்கிறது.

ஊர் எங்கே இருக்கிறது என்பதிலேயே பாதிக் கதை இருக்கிறது. போலந்தின் வடகிழக்கு மூலை, பொட்லாசியே மாகாணம். பியாவிஸ்தோக் நகரிலிருந்து கிழக்கே காரில் ஒரு மணி நேரம் போனால், கினிஷின் பெருங்காடு முடிகிற இடத்தில் ஊர் வரும். இன்னும் கொஞ்ச தூரம் போனால் பெலாரஸ். இரண்டு நாடுகளுக்கும் இடையில் ஷ்விஸ்வோச் என்ற சிறு நதி எல்லைக் கோடாக ஓடி, நேமன் ஆற்றில் கலந்து பால்டிக் கடலுக்குப் போகிறது. பனியுகத்தில் பனிப்பாறைகள் நகர்ந்தபோது இழுத்துவந்து போட்டுவிட்டுப் போன மணலும் கற்களும்தான் இங்கே மண். மெல்லிய மேடுகள், இடையிடையே சதுப்பு, ஊசியிலைக் காடு. ரை தானியமும் உருளைக்கிழங்கும் விளையும். கோதுமைக்கு ஏற்ற கரிசல் எல்லாம் தெற்கே தூரத்தில். அரசர் கொடுத்தது நிலம்தான். நல்ல நிலம் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். ஆனால் குதிரை மேய்க்கப் போதும். வாங்கியவர்களுக்குக் குதிரைதான் முக்கியம்.

முஸ்லிம் குதிரை வீரர்கள் இந்தக் குளிர் பூமிக்கு எப்படி வந்தார்கள்? அதற்கு இன்னும் முந்நூறு வருடம் பின்னால் போகவேண்டும். 14-ஆம் நூற்றாண்டின் கடைசியில் லித்துவேனியாவின் பெருங்கோமகன் வித்தோல்ட், ‘தங்கக் கூட்டம்’ என்ற தாத்தார் அரசின் உள்சண்டையில் தோற்று வந்தவர்களையும் போரில் பிடிபட்டவர்களையும் தன் நாட்டில் குடியமர்த்தினார். நிலம் கொடுத்தார், மதத்தை அவர்கள் போக்கில் விட்டார். பதிலுக்குப் போர் வந்தால் குதிரையோடு வரவேண்டும். 1410-இல் டியூட்டானிய வீரர்சபையைத் தோற்கடித்த குருன்வால்ட் போரில் போலந்து–லித்துவேனியப் படையின் பக்கம் தாத்தார் குதிரைகளும் நின்றன. கிரிமியாத் தாத்தார்கள் லித்துவேனியாவை அழைத்த பெயரிலிருந்து இவர்களுக்கு ‘லிப்கா’ என்று பெயர் ஒட்டிக்கொண்டது.

17-ஆம் நூற்றாண்டில் இந்த ஏற்பாடு கசக்கத் தொடங்கியது. ஸ்வீடன், ரஷ்யா, கோசாக்குகள் என்று ஓயாத போர்கள் அரசை ஓட்டாண்டியாக்கின. எதிர்ச்சீர்திருத்தக் காலத்து மத இறுக்கம் இன்னொரு பக்கம். சம்பளமும் இல்லை, மரியாதையும் குறைகிறது. 1672-இல் ஒட்டோமான் சுல்தான் படையெடுத்து வந்தபோது தெற்கு எல்லையில் இருந்த லிப்காப் பிரிவுகள் மொத்தமாக அந்தப் பக்கம் சாய்ந்தன. போலந்து வாசகர்களுக்கு இந்தக் கலகம் நாவலாசிரியர் ஹென்ரிக் சியென்கியேவிச் வழியாகத்தான் தெரியும். அவருடைய ‘பான் வொவொதியோவ்ஸ்கி’யில் அஸ்யா என்ற தாத்தார் இளைஞன் துரோகத்தின் உருவமாக வருகிறான். நாவலுக்கு வில்லன் தேவை. சம்பளப் பட்டியலை யார் படிப்பார்கள்?

சோபியெஸ்கி படித்தார். அரசராகும் முன்பே தளபதியாக இருந்து இந்த வீரர்களைத் தெரிந்து வைத்திருந்தவர் அவர். சுல்தானின் ஆட்சியிலும் அவர்களுக்கு நிம்மதி கிடைக்கவில்லை என்பதையும் அறிந்திருந்தார். மன்னிப்பு அளித்துத் திரும்ப அழைத்தார். பாக்கித் தொகைக்கு ஈடாக, பதவிக்கேற்ற அளவில் நிலம். குருஷினியானி, கர்னல் சாமுவேல் முர்சா க்ஷெச்சோவ்ஸ்கிக்கும் அவருடைய ஆட்களுக்கும் வந்தது. வடக்கே சொகூல்கா நகருக்கு அருகில் இருக்கும் போஹோனிக்கி என்ற ஊர் இன்னொரு பிரிவுக்குப் போனது.

ஊரில் சொல்லும் கதை இப்படி இல்லை. 1683 அக்டோபரில், வியன்னாவைக் காப்பாற்றிய கையோடு ஒட்டோமான்களைத் துரத்திப் போன சோபியெஸ்கி, பார்க்கானி என்ற இடத்தில் மாட்டிக்கொண்டு மயிரிழையில் தப்பினார். அது வரலாறு. அவர் உயிரைக் காத்தவர் க்ஷெச்சோவ்ஸ்கி, அந்த நன்றிக்கடனாகத்தான் குருஷினியானியை அரசர் கொடுத்தார் என்பது ஊர்க் கதை. வருடங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் போதும். நிலம் 1679. போர் 1683. உயிரைக் காப்பாற்றுவதற்கு நான்கு வருடம் முன்னாலேயே நன்றி சொல்லிவிட்டார் அரசர் என்றாகிறது!

இருந்தும் அந்தக் கதையைப் பொய் என்று ஒதுக்கிவிட எனக்கு மனம் வரவில்லை. கர்னல் அரசருக்காகப் போரில் நின்றிருக்கலாம். அரசர் பிறகு வந்து அவர் வீட்டில் விருந்து சாப்பிட்டும் இருக்கலாம். கதை மாற்றியது ஒன்றே ஒன்றைத்தான்: கொடுக்கவேண்டிய கடனை, கொடுத்த பரிசாக ஆக்கியது. சிறுபான்மையாய் வாழ்கிற ஊருக்கு இரண்டாவதுதான் பாதுகாப்பு. ‘பாக்கியை வாங்கினோம்’ என்பதைவிட ‘ராஜா உயிரைக் காப்பாற்றினோம்’ என்று சொல்லிக்கொள்பவனை யார் ஊரைவிட்டுப் போகச் சொல்ல முடியும்? வியன்னாவைப் பற்றியும் இதே சாயலில் ஒன்று சொல்வார்கள். இரு தரப்பிலும் தாத்தார்கள் இருந்ததால், அரசரின் தாத்தார்கள் அடையாளத்துக்குத் தலைக்கவசத்தில் வைக்கோல் செருகிக்கொண்டார்களாம். யார் பக்கம் என்று காட்டிக்கொண்டே இருக்கவேண்டிய வாழ்க்கைக்கு அந்த வைக்கோலைவிடச் சரியான படம் கிடைக்காது.

பள்ளிவாசலுக்கு வருவோம். இப்போதுள்ள கட்டடம் 18-ஆம் நூற்றாண்டின் பிற்பாதியைச் சேர்ந்தது. அதற்கு முன்பும் ஒன்று இருந்திருக்கிறது. 1846-இல் பழுதுபார்த்துக் கட்டினார்கள். முகப்பில் இரண்டு சதுரக் கோபுரங்கள். உச்சியில் பிறை இல்லாவிட்டால் அந்த வட்டாரத்து மரத் தேவாலயம் என்றே நினைத்துப் போய்விடலாம். அப்பகுதித் தச்சர்களுக்கு வழிபாட்டிடம் என்றால் கைவந்த வடிவம் அதுதான். உள்ளே போனால் திசை மாறிவிடுகிறது: தெற்குச் சுவரில் மக்காவை நோக்கிய மிஹ்ராப், பக்கத்தில் மிம்பர், தரையில் விரிப்புகள், சுவர்களில் குர்ஆன் வசனங்கள் தீட்டிய ‘முஹிர்’ படங்கள். பெண்களுக்குத் தனி வாசல், தனி அறை. நடுவில் இருக்கும் மரச்சுவரில் திரை போட்ட நீள் சாளரம்.

மொழியின் கதை இன்னும் விசித்திரம். வந்த ஆண்கள் உள்ளூர்ப் பெண்களை மணந்தார்கள். தாய்மார் பேசியதே பிள்ளைகளின் மொழியாயிற்று. ஒன்றிரண்டு நூற்றாண்டுக்குள் தாத்தார் மொழி மறைந்தேவிட்டது. பேச்சில் பெலாரஷ்யனும் போலிஷும். ஆனால் எழுத்தை விடவில்லை. பிரார்த்தனைகள், நபிமார் கதைகள், கனவுப் பலன்கள், நோய்க்கு மந்திரங்கள் எல்லாவற்றையும் ஸ்லாவிய மொழியில், அரபு எழுத்தில் எழுதி வைத்தார்கள். ‘கித்தாப்’, ‘ஹமயில்’ என்று அந்தக் கையெழுத்துப் படிகளுக்குப் பெயர். குடும்பப் பெயர்களும் அதே மாதிரி: முன்னால் முஸ்லிம் பெயர், பின்னால் ‘ஓவிச்’, ‘ஸ்கி’.

சொல்லப்போனால் இந்த வட்டாரத்தில் யார் என்ன மொழி பேசுகிறார்கள் என்று கேட்பதே சிக்கல். குருஷினியானியில் இன்று பெரும்பான்மை ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவர்கள். தாத்தார் குடும்பங்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். சுற்றுப்பட்டு கிராமத்துப் பெரியவர்களிடம் வீட்டு மொழி எது என்று கேட்டால் போலிஷ் என்றோ பெலாரஷ்யன் என்றோ சொல்வதில்லை. ‘போ ப்ரோஸ்து’ என்பார்கள். ‘சும்மா, சாதாரணமாய்ப் பேசுகிறது’ என்று அர்த்தம்.

மண்ணும் காடும் எப்படியோ, மனிதர்கள் மட்டும் இங்கே அசாதாரணமாகவே விளைந்திருக்கிறார்கள். குருஷினியானியிலிருந்து எட்டும் தூரத்தில் கிஷிபொவ்ஷ்சிஸ்னா என்றொரு கிராமம். எலியாஷ் கிளிமோவிச் என்ற, எழுதப் படிக்கத் தெரியாத விவசாயி அங்கே ஒரு தேவாலயம் கட்டினார். 1930-களில் அவரை எலியா தீர்க்கதரிசியின் அவதாரம் என்று நம்பி கூட்டம் கூடியது. உலகம் அழியப்போகிறது, மீளப்போகும் உலகின் தலைநகர் இதுதான் என்று காட்டுக்குள் வியெர்ஷாலின் என்ற புது ஜெருசலேமை எழுப்பத் தொடங்கினார்கள். நாலைந்து மரவீடுகளைத் தாண்டவில்லை அந்தத் தலைநகர். 1939-இல் சோவியத் படை வந்த பிறகு தீர்க்கதரிசியையும் காணோம். ஒருபுறம் மக்காவை நோக்கித் தொழுகிற கர்னலின் வாரிசுகள், மறுபுறம் ஜெருசலேமைக் காட்டுக்குள் கொண்டுவந்துவிட்ட விவசாயிகள். நடுவில் பன்னிரண்டு சாலைகள் ஒரே பூங்காவில் வந்து முட்டும் கிரின்கி என்ற சிற்றூர், அங்கே தோல் பதனிடும் யூதர்கள். அந்த யூதர்களை நாஜிகள் அழித்தார்கள். கிரின்கியில் பாழடைந்த தொழுகைக்கூடச் சுவரும் கல்லறைத் தோட்டமும் மிச்சம்.

போர்களின் முப்பது வருடங்களை வேகமாகத் தாண்டிவிடலாம். ஊரே அப்படித்தான் தாண்டியிருக்கும். இந்தப் பகுதி ரஷ்யாவின் கையில் இருந்த ஜார் காலத்தில் தாத்தார் பையன்கள் ரஷ்யப் படையில் அதிகாரிகளானார்கள். 1915-இல் பின்வாங்கிய ரஷ்யப் படையோடு இந்த வட்டாரத்து ஆர்த்தடாக்ஸ் மக்கள் வண்டி கட்டிக்கொண்டு கிழக்கே போனார்கள். திரும்பி வர வருடங்கள் ஆயின, பலர் வரவேயில்லை. அப்புறம் போலந்து, 1939-இல் சோவியத், 1941-இல் ஜெர்மனி, 1944-இல் மறுபடி சோவியத் படை. போர் முடிந்து கோடு போட்டபோது அது ஊருக்குச் சற்றுக் கிழக்கே விழுந்தது. குருஷினியானி நகரவில்லை. எல்லைதான் அதைத் தேடி வந்தது.

அந்தக் கோட்டின் மறுபுறம் போனவை அதிகம். இரு போர்களுக்கு இடையிலான போலந்தில் வில்னோவில் ஒரு முஃப்தி இருந்தார், பதினைந்துக்கும் மேற்பட்ட பள்ளிவாசல்கள் இருந்தன, தாத்தார்களுக்கென்று ஒரு குதிரைப்படைப் பிரிவும் இருந்தது. புதிய போலந்துக்கு மிஞ்சிய பழைய பள்ளிவாசல்கள் இரண்டு: குருஷினியானி, போஹோனிக்கி. பிறகு பிழைப்பு தேடி இளைஞர்கள் பியாவிஸ்தோக்குக்கும் குதான்ஸ்க்குக்கும் போனார்கள். பெருநாளுக்கு மட்டும் ஊர் நிறையும்.

காலியாகிக்கொண்டிருந்த ஊரைத் திரும்ப வரைபடத்தில் வைத்தது சமையல். ‘பியெரெகாச்செவ்னிக்’ என்று ஒரு பண்டம். காகிதம் போல மெல்லிதாகத் தேய்த்த ஆறு அடுக்கு மாவு, ஒவ்வொன்றின் மேலும் வெண்ணெய், நடுவில் இறைச்சியோ இனிப்புப் பாலாடைக்கட்டியோ ஆப்பிளோ வைத்து, நத்தைக்கூடு போலச் சுருட்டி அடுப்பில் வைப்பார்கள். மாவைக் கிழியாமல் இழுக்கத் தெரிந்தால்தான் தாத்தார் வீட்டுப் பெண் என்று பேச்சு. 2009-இல் ஐரோப்பிய ஒன்றியம் அதைப் பாரம்பரியத் தயாரிப்பாகப் பதிவு செய்தது. ஊரிலிருந்த தாத்தார் உணவகத்துக்கு 2010-இல் அன்றைய பிரிட்டிஷ் இளவரசர் சார்ல்ஸே வந்து போனார். 2012-இல் இரு ஊர்களின் பள்ளிவாசல்களும் மையவாடிகளும் தேசிய வரலாற்றுச் சின்னங்களாயின. 2014 ஜூனில், ரமலான் தொடங்கும் நேரத்தில், யாரோ இரவோடு இரவாகப் பள்ளிவாசல் சுவரில் பன்றிப் படம் வரைந்துவிட்டுப் போனார்கள். நாடு முழுவதும் கண்டனம் எழுந்தது. 2018-இல் உணவகம் தீப்பிடித்து எரிந்தபோது எங்கெங்கிருந்தோ உதவி வந்தது, திரும்பக் கட்டினார்கள்.

பள்ளிவாசலுக்குப் பின்னால் மரங்களடர்ந்த மேட்டில் ‘மிசார்’ இருக்கிறது. மையவாடிக்கு இங்கே அதுதான் பெயர். வயல்களில் பொறுக்கிய பனியுகக் கற்களே பழைய கபர்களுக்கு நடுகற்கள். தலைமாட்டில் பெரிய கல், கால்மாட்டில் சின்னது, சுற்றிலும் பொடிக் கற்கள். பாதி பாசிக்குள் போய்விட்டன. காலம் மாற மாற எழுத்து மாறும்: அரபு, அப்புறம் ஜார் காலத்துச் சிரில்லிக், அப்புறம் போலிஷ்.

2021 செப்டம்பரில் எல்லை மறுபடி வந்தது. பெலாரஸ் வழியாக மத்தியக் கிழக்கு அகதிகள் காட்டுக்குள் தள்ளப்பட, போலந்து அரசு எல்லையோரத்து 183 ஊர்களில் நெருக்கடி நிலை அறிவித்தது. குருஷினியானிக்கு வெளியாள் யாரும் வர முடியாமல் போனது. உணவகங்களுக்கும் விடுதிகளுக்கும் வருமானம் நின்றது. முந்தைய கோடை வருவாயில் 65 சதவீதம் கணக்கிட்டு அரசு இழப்பீடு தந்தது. அடுத்த கோடைக்குள் 186 கிலோமீட்டர் நீளத்துக்கு ஐந்தரை மீட்டர் உயர இரும்பு வேலி எழுந்தது.

அந்தக் குளிர்காலத்தில் போஹோனிக்கித் தாத்தார்கள் எல்லையில் நின்ற போலந்து வீரர்களுக்குப் பெரிய பானைகளில் சூப் காய்ச்சி அனுப்பினார்கள். அதே ஊர்க்காரர்கள், நவம்பர் மாத இரவொன்றில், எல்லை தாண்டும்போது பூக் ஆற்றில் மூழ்கி இறந்த பத்தொன்பது வயது சிரியா இளைஞனின் உடலைத் தங்கள் மிசாரில் அடக்கம் செய்தார்கள். இமாம் ஜனாஸா தொழுகை நடத்தினார். வீட்டார் தொலைபேசித் திரை வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பிறகு இன்னும் சில உடல்கள் வந்தன. பழைய நடுகற்களிலிருந்து கொஞ்சம் தள்ளி, ஓரமாக, ஊசியிலைக் கிளைகள் மூடிய புது மண்மேடுகள். சிலவற்றின் பலகையில் பெயர் இருக்கிறது. சிலவற்றில் ‘பெயர் தெரியவில்லை’ என்பதற்கான இரண்டு எழுத்து மட்டும்.