சுரண்டுவதைவிட மூடுவதே மேல்

பிரிட்டனில் 1960களிலிருந்து 80கள் வரை கட்டிய, புதுப்பித்த வீடுகளில் அண்ணாந்து பார்த்தால் விசிறி விசிறியாகவோ சுழி சுழியாகவோ கோடிழுத்த வெள்ளைப் பூச்சு சீலிங்கில் தெரியும். ஆர்டெக்ஸ் என்ற கம்பெனிப் பெயரே அந்த வகைப் பூச்சு எல்லாவற்றுக்கும் பெயராகிவிட்டது. பிளாஸ்டர்போர்டு பலகைகளின் மூட்டையும் விரிசலையும் குறைந்த செலவில் மறைத்ததால் வீடு வீடாகப் பரவியது. இன்று யாருக்கும் அது பிடிப்பதில்லை. லண்டனில் பழைய வீடு வாங்கும் குடும்பங்கள், நம் தமிழ்க் குடும்பங்களும் சேர்த்துத்தான், சாவி கைக்கு வந்ததும் அதைச் சுரண்டி எறியக் கிளம்பிவிடுகின்றன. அந்த அவசரம் கூடாது. பூச்சு உறுதியாக ஒட்டியிருக்கும் வரை அதை எடுப்பதைவிட மூடுவதே சரி என்பது என் கட்சி.

காரணம் அழகல்ல, ஆஸ்பெஸ்டாஸ். பூச்சுக்கு வலுவும் பிடிப்பும் வர அதில் வெள்ளை ஆஸ்பெஸ்டாஸ் நாரைக் கலந்தார்கள். 80களின் நடுவிலேயே அந்தக் கலப்பு குறையத் தொடங்கினாலும், முழுத் தடை வந்தது 1999இல்தான். ஆகவே 2000க்கு முந்தைய பூச்சு எதையும் சந்தேகப்படத்தான் வேண்டும். கண்ணால் பார்த்துச் சொல்ல எவராலும் முடியாது. கலந்தது சில சதவீதம்தானே, இவ்வளவு பயம் எதற்கு என்று கேட்பார்கள். பெயின்ட் அடித்துச் சிதையாமல் இருக்கும் பூச்சுக்கு அந்தக் கேள்வி பொருந்தும். நார் அதற்குள் கட்டுண்டு கிடக்கிறது. ஆனால் மின்சாண்டரையோ உப்புத்தாளையோ வைத்து ஒரு சீலிங் முழுவதையும் உலர்வாகத் தேய்த்தால், அந்தச் சில சதவீதமும் தூசியாகி வீட்டுக் காற்றில் மிதக்கும். கண்ணுக்குத் தெரியாத அந்த நார்கள் நுரையீரலில் தங்கினால், நோய் தலைகாட்டப் பல பத்தாண்டுகள் ஆகலாம். பிரிட்டனில் இன்றும் ஆண்டுக்குச் சுமார் 5,000 பேர் ஆஸ்பெஸ்டாஸ் நோய்களால் இறக்கிறார்கள். அவர்களில் பெரும்பாலோர் அந்நாளில் வேலையிடத்தில் அதைச் சுவாசித்தவர்கள்; ஒருநாள் வீட்டு வேலையை அதற்குச் சமமாக்க முடியாதுதான். ஆனால் தவிர்க்கக்கூடிய தூசியைக் குழந்தைகள் தூங்கும் அறையில் எதற்காகக் கிளப்ப வேண்டும்?

எனவே முதல் செலவு பரிசோதனைக்கு. தண்ணீரில் துளி சோப்புநீர் கலந்து தெளித்து, நனைந்த இடத்தில் சிறு துண்டை எடுத்து, இரண்டு பைக்குள் வைத்து அங்கீகாரம் பெற்ற ஆய்வகத்துக்கு அனுப்ப வேண்டும். வெவ்வேறு காலத்தில் பூசியிருக்கலாம் என்பதால் ஒவ்வோர் அறைக்கும் தனி மாதிரி தேவை.

ஆஸ்பெஸ்டாஸ் இருப்பதாக முடிவு வந்தாலும் வீட்டைவிட்டு ஓட வேண்டியதில்லை. மேடுபள்ளம் குறைவாக இருந்தால் பசை அடித்து, அதன்மேல் பிளாஸ்டரை மெல்லியதாக இரண்டு கை பூசிச் சமப்படுத்தலாம். கூர்முனைகள் நீட்டிக்கொண்டிருந்தால் அவற்றைச் செதுக்காமல், அடியில் புதுப் பிளாஸ்டர்போர்டை வைத்து மரச்சட்டத்தில் திருகிவிடலாம். அந்தத் திருகுத் துளையிலும் கவனம் வேண்டும்: துளையிடும் இடத்தில் வால்பேப்பர் பசையையோ ஷேவிங் நுரையையோ அப்பிக்கொண்டால் தூசி அதிலேயே ஒட்டிக்கொள்ளும். சீலிங் தாழ்ந்துவிடுமே என்பவர்களுக்கு: வழக்கமான பலகையின் தடிமன் 12.5 மில்லிமீட்டர்தான்.

வலுவான ஆட்சேபம் வேறொன்று. மூடினால் ஆபத்தை அடுத்தவர் தலையில் கட்டுகிறோம் என்பது. நியாயமான கவலைதான். ஆனால் ஆபத்து பெரிதாவது, கீழே என்ன இருக்கிறதென்று தெரியாமல் ஒருவர் துளையிடும்போது. ஆய்வக அறிக்கையை வீட்டுப் பத்திரங்களோடு வைத்து, எலக்ட்ரீஷியனிடமும் வீட்டை வாங்க வருபவரிடமும் சொல்லிவிட்டால் அந்தக் கடன் தீர்ந்தது. தண்ணீர் கசிந்து பூச்சு உதிரும்போதும் சீலிங்கையே மாற்றும்போதும் அகற்றத்தான் வேண்டும். அப்போது ஜெல் தடவி ஊறவைத்து, ஈரம் காயாமல் வழித்தெடுக்கப் பயிற்சி பெற்றவரை அழையுங்கள். கழிவை வீட்டுக் குப்பையில் போடாமல், உள்ளூர்க் கவுன்சில் சொல்லும் இடத்தில் சேர்க்க வேண்டும்.

விலை பேச வரும் காண்ட்ராக்டர் பரிசோதனை பற்றி ஒரு வார்த்தையும் கேட்காமல் ஒரே நாளில் தேய்த்துத் தருகிறேன் என்றால், அவரிடம் வேலையைக் கொடுக்காதீர்கள்.