தலைகளை எண்ணுகிற சபை: இலங்கைப் பாராளுமன்றம் பற்றிச் சில குறிப்புகள்

பாராளுமன்றம் பற்றி நம் வட்டாரத்தில் இரண்டு விதமான பேச்சுதான் உண்டு. அது பன்றித் தொழுவம், அதைப் பற்றிப் பேசுவதே நேர விரயம் என்பது ஒன்று. ஜனநாயகத்தின் கோயில் என்கிற பாடப்புத்தகப் பேச்சு மற்றொன்று. இரண்டு தரப்பும் உள்ளே போய் அந்த யந்திரம் எப்படி ஓடுகிறது என்று பார்த்ததாகத் தெரியவில்லை. ஈழம் பற்றி இத்தனை ஆண்டுகளாக இவ்வளவு பேசியிருக்கிறோம். கொழும்பில் அந்தச் சபை எப்படி உருவானது, என்ன விதிகளால் நடக்கிறது என்று கேட்டால் பத்து வரி சொல்ல ஆள் கிடைக்காது.

எண்ணிக்கைதான் அந்தச் சபையின் கதை. பெரும்பான்மை என்பது சபைக்கு வெளியே மழை மாதிரி, மண் மாதிரி முன்கூட்டியே இருக்கிறது, சபை அதைப் பிரதிபலிக்கிறது என்று நாம் நினைத்துக்கொள்கிறோம். சிங்களர் அங்கே பெரும்பான்மை என்பது உண்மைதான். ஆனால் பெரும்பான்மைக்கும் மூன்றில் இரண்டுக்கும் நடுவே ஒரு தூரம் இருக்கிறது. சிறுபான்மையின் பேரம், கூட்டணி, எதிர்ப்பு எல்லாம் அந்தத் தூரத்துக்குள்தான் உயிர் வாழும். யாரை எண்ணலாம் என்று முதலில் தீர்மானித்துவிட்டு, பிறகு எண்ணி, அந்தத் தூரத்தைச் சட்டப்படியே குறைத்துக்கொண்டு போன வரலாறு அது.

1931இல் டொனமூர் அரசியல் திட்டம் வந்தது. சொத்து, படிப்பு, ஆண், பெண் பேதமில்லாமல் 21 வயதானவர்களுக்கு வாக்கு. ஆசியாவில் இதுவே முதல். இங்கே நாம் 1952 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. யாழ்ப்பாணத்து வாலிபர் காங்கிரஸ், முழு சுயராஜ்யம் இல்லை என்று அந்தத் தேர்தலைப் பகிஷ்கரித்தது. பொன்னம்பலம் இராமநாதனைப் போன்ற பெரிய மனிதர்கள் சர்வஜன வாக்குரிமையையே விரும்பவில்லை. கூலிக்காரனும் தனக்குச் சமமாக ஒரு வாக்கு வைத்திருப்பான் என்பதை அந்த வர்க்கத்தால் ஜீரணிக்க முடியவில்லை. இதையும் சொல்லித்தான் ஆகவேண்டும். 'சர்வஜன' என்ற சொல்லிலேயே ஓட்டை இருந்ததையும் சொல்ல வேண்டும். சிங்களத் தலைவர்களின் நெருக்குதலால் தோட்டத் தொழிலாளிக்கு மட்டும் நிரந்தரவாசி என்று காட்டும் நிபந்தனை போடப்பட்டது. அதையும் தாண்டி ஹட்டன் தொகுதியிலிருந்து பெரி. சுந்தரம் சபைக்குப் போனார், மந்திரியும் ஆனார்.

அவர் மந்திரியான முறை சுவாரசியமானது. அந்த அரசாங்க சபையில் கட்சி ஆட்சி கிடையாது. தேர்ந்தெடுக்கப்பட்டவர் 50 பேர், நியமனம் 8 பேர். அவர்கள் ஏழு நிர்வாகக் குழுக்களாகப் பிரிவார்கள். ஒவ்வொரு குழுவும் தன் தலைவரைத் தேர்ந்தெடுக்கும்; அவரே மந்திரி. எல்லோருக்கும் நிர்வாகத்தில் கை உண்டு, எதிர்க்கட்சி என்று தனியாக யாரும் இல்லை. காகிதத்தில் அழகான ஏற்பாடு. 1936இல் என்ன செய்தார்கள்? ஒவ்வொரு குழுவிலும் சிங்கள உறுப்பினர் பெரும்பான்மை வருகிற மாதிரி ஆட்களைப் பிரித்துப் போட்டார்கள். ஏழு குழுவிலும் சிங்களத் தலைவர். ஏழு மந்திரியும் சிங்களர். இந்தக் கணக்கைப் போட்டுக் கொடுத்தவர் கணிதப் பேராசிரியர் சி. சுந்தரலிங்கம் என்று சொல்வதுண்டு. ஒரு தமிழர்! அவரே 1947இல் டி.எஸ். சேனநாயக்காவின் மந்திரிசபையில் இருந்தார்; 1948இல் குடியுரிமைப் பிரச்சினையில் முரண்பட்டு வெளியே வந்தார்; பின்னாளில் ஈழம் கேட்டார்.

சோல்பரி திட்டத்தின் கீழ் 1947இல் பாராளுமன்றம் வந்தது. கீழ்ச்சபையில் 101 பேர்: 95 பேர் தேர்தலில், 6 பேர் நியமனத்தில். மேலே 30 பேர் கொண்ட செனட். ஜி.ஜி. பொன்னம்பலம் கேட்ட ஐம்பதுக்கு ஐம்பது கிடைக்கவில்லை. அதற்குப் பதிலாக இரண்டு பூட்டுகள் கொடுத்தார்கள். ஒன்று, 29ஆம் பிரிவு: ஒரு இனத்துக்கோ மதத்துக்கோ மட்டும் பாதகமோ சலுகையோ தருகிற சட்டத்தைப் பாராளுமன்றம் செய்யக்கூடாது. மற்றது, அரசியல் திட்டத்தைத் திருத்த மொத்த உறுப்பினரில் மூன்றில் இரண்டு வேண்டும். 101இல் அது 68.

அந்தத் தேர்தலில் மலையகத்திலிருந்து ஏழு தமிழர்கள் ஜெயித்தார்கள். நுவரெலியாவில் சௌ. தொண்டமான். தலவாக்கலையில் கவிஞர் சி.வி. வேலுப்பிள்ளை, ஒரு தோட்டத்துக் கவிஞன் சட்டசபை ஆசனத்தில் உட்கார்ந்த காட்சியை யோசித்துப் பாருங்கள். தவிர, வேறு பல தொகுதிகளில் தோட்டத்து வாக்கு இடதுசாரிகளுக்குப் போனது. ஆளுங்கட்சியைப் பயமுறுத்தியது தமிழ் என்ற அடையாளம் மட்டுமல்ல. தொழிலாளி என்ற அடையாளமும் சேர்ந்ததுதான் அந்தப் பயம். நம் ஆட்களில் பலர் முதல் பாதியோடு நிறுத்திக்கொள்கிறார்கள்.

1948இல் குடியுரிமைச் சட்டம் வந்தது. அதில் தமிழன் என்ற சொல்லே கிடையாது. இலங்கையில் பிறந்தால் போதாது. உன் அப்பா இங்கே பிறந்தவரா, இல்லையென்றால் அப்பாவின் அப்பாவும் அவருடைய அப்பாவும் இங்கே பிறந்தவர்களா, காகிதம் காட்டு என்றது. லயத்தில் பிறந்தவனுக்குத் தாத்தாவின் பிறப்புச் சான்று எங்கிருந்து வரும்? நாமக்கல், திருச்சி, புதுக்கோட்டைப் பக்கம் பஞ்சத்துக்குப் பயந்து கங்காணி பின்னால் போனவர்களிடம் யார் சான்றிதழ் எழுதிக் கொடுத்தார்கள்? 1949இல் இன்னொரு சட்டம்: கல்யாணமானவர் ஏழு வருஷம், ஆகாதவர் பத்து வருஷம் விடாமல் இங்கே இருந்ததாக நிரூபித்தால் மனு போடலாம். அதே ஆண்டில் மூன்றாவது சட்டம், குடியுரிமை இல்லாதவர் பெயரை வாக்காளர் பட்டியலிலிருந்து நீக்கியது. மூன்று சட்டமும் சாதாரணப் பெரும்பான்மையில் நிறைவேறின. ஏறத்தாழ ஏழு லட்சம் பேர் நாடற்றவர்கள் ஆனார்கள். 1952 தேர்தலில் அந்த ஏழு ஆசனங்களில் ஒருவரும் இல்லை.

பொன்னம்பலம் 1948 செப்டம்பரில் மந்திரியானார். 1949 சட்டம் வந்தபோது அவர் அரசாங்கத்தின் பக்கம். செல்வநாயகமும் வன்னியசிங்கமும் நாகநாதனும் பிரிந்து அந்த டிசம்பரில் தமிழரசுக் கட்சியைத் தொடங்கினார்கள். யாழ்ப்பாணத்து வேளாள அரசியலுக்கு மலையகத்தான் எவ்வளவு தூரத்தில் இருந்தான் என்பதற்கு இதைவிட வேறு சான்று தேவையில்லை.

இதில் ரொம்பக் கொடுமையான விஷயம் தொகுதிக் கணக்கு. 75,000 ஜனத்தொகைக்கு ஒரு ஆசனம், ஆயிரம் சதுர மைலுக்கு இன்னொன்று என்பது சோல்பரி விதி. வாக்காளரை அல்ல, ஜனத்தொகையைத்தான் எண்ணினார்கள். ஆக, மலையகத்துக்கு எத்தனை ஆசனம் என்று கணக்குப் போடும்போது தோட்டத் தொழிலாளியின் தலை எண்ணப்பட்டது. அந்த ஆசனத்தில் யார் உட்காருவது என்று கேட்கும்போது அந்தத் தலை இல்லை. அவனுடைய உடம்பைக் காட்டிப் பெற்ற ஆசனத்தை அக்கம்பக்கத்துக் கண்டிச் சிங்கள வாக்காளர் நிரப்பினார்கள். இல்லாமையாகவே இருத்தல் என்று தத்துவ பாஷையில் நாம் எழுதுவது அங்கே தொகுதி நிர்ணய ஆணையின் நடைமுறையாக இருந்தது.

29ஆம் பிரிவு என்ன ஆயிற்று? ஒருவர் தன் பெயரைப் பட்டியலில் சேர்க்கச் சொல்லி வழக்குப் போட்டார். கோடகன் பிள்ளை வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. தன் பிரஜை யார் என்று தீர்மானிப்பது எந்தச் சட்டசபைக்கும் இயல்பான அதிகாரம், இதில் இனப் பாரபட்சம் இல்லை என்று 1953இல் தீர்ப்பு. முதல் பூட்டு அன்றைக்கே திறந்துகொண்டது.

பிறகு வந்தவை நமக்கு ஓரளவு தெரிந்தவைதான். 1956இல் சிங்களம் மட்டும் சட்டம். இரண்டு மொழி என்றால் ஒரு நாடு, ஒரு மொழி என்றால் இரண்டு நாடு என்று அன்று சபையில் எச்சரித்தவர் சமசமாஜக் கட்சியின் கொல்வின் ஆர். டி சில்வா. அதே கொல்வின் 1970இல் அரசியல் திட்ட மந்திரியாகி, 1972இல் குடியரசு அரசியல் சட்டத்தை வடித்துக் கொடுத்தார். பழைய திட்டத்தின் சட்டத் தொடர்ச்சி ஒட்டக்கூடாது என்பதற்காகப் பாராளுமன்றக் கட்டடத்தை விட்டு வெளியே, நவரங்ககல மண்டபத்தில் அரசியல் நிர்ணய சபையைக் கூட்டினார்கள். 29ஆம் பிரிவு போயிற்று. செனட் 1971லேயே போயிருந்தது. பௌத்தத்துக்கு முதலிடம் வந்தது. இடதுசாரிகள் அந்தப் புதிய வாசகத்துக்குக் கை தூக்கினார்கள் என்பதை நம் தோழர்கள் மறக்கக்கூடாது. செல்வநாயகம் காங்கேசன்துறை ஆசனத்தை ராஜினாமா செய்து, மக்கள் ஏற்கிறார்களா பார்ப்போம் என்றார். இரண்டு வருஷத்துக்கு மேல் இடைத்தேர்தலே நடத்தவில்லை. 1975இல் நடத்தினார்கள், அவர் ஜெயித்தார்.

1977 முடிவைப் பாருங்கள். 168 ஆசனங்களில் ஐ.தே.க.வுக்கு 140. வாக்கு ஏறத்தாழ 51 சதவீதம். சுதந்திரக் கட்சிக்குக் கிட்டத்தட்ட 30 சதவீத வாக்கு, ஆசனம் 8. தமிழர் விடுதலைக் கூட்டணிக்கு ஏழு சதவீதத்துக்கும் குறைவான வாக்கு, ஆசனம் 18. தனிநாடு கேட்டு ஜெயித்த அமிர்தலிங்கம் எதிர்க்கட்சித் தலைவரானார்! தொகுதி முறை போட்ட விசித்திரக் கணக்கு இது. அதே தேர்தலில் நுவரெலியா - மஸ்கெலியா மூவர் தொகுதியில் மூன்றாமவராகத் தொண்டமான் தேர்வானார். முப்பது வருஷம் கழித்து மலையக வாக்கு ஒருவரை உள்ளே அனுப்பியது.

அந்த ஐந்தில் நான்கை வைத்துக்கொண்டு ஜெயவர்த்தனா 1978இல் நிறைவேற்று ஜனாதிபதி முறையைக் கொண்டுவந்தார். 1982இல் அடுத்த தேர்தலை நடத்தாமல், இதே பாராளுமன்றம் இன்னும் ஆறு வருஷம் இருக்கட்டுமா என்று சர்வஜன வாக்கெடுப்பு வைத்தார். விளக்கு ஆம், பானை இல்லை. விளக்கு ஜெயித்தது. தன் எம்.பி.க்களிடம் தேதி போடாத ராஜினாமாக் கடிதங்களை முன்பே வாங்கி வைத்திருந்தார். 1983 ஜூலைக் கொலைகள் நடந்த மறுமாதம் ஆறாம் திருத்தம்: பிரிவினையை ஆதரிக்க மாட்டேன் என்று சத்தியம் செய்யாதவர் சபையில் இருக்க முடியாது. கூட்டணி உறுப்பினர்கள் ஆசனங்களை இழந்தார்கள். அதற்குமேல் தமிழன் எங்கே போய்ப் பேசுவது? காடுதான் பாக்கி என்று இளைஞர்கள் முன்பே முடிவு செய்திருந்தார்கள். சபை அதை ஊர்ஜிதம் செய்து கொடுத்தது.

இன்றும் நடப்பிலிருக்கிற ஒரு விதியைக் கவனிக்க வேண்டும். அங்கே ஒரு மசோதா ஒழுங்குப் பத்திரத்தில் ஏறிய பிறகு ஒரு குறுகிய கெடுவுக்குள் உச்சநீதிமன்றத்தில் ஆட்சேபிக்க வேண்டும். நிறைவேறி சபாநாயகர் கையெழுத்துப் போட்டுவிட்டால் எந்த நீதிமன்றமும் அந்தச் சட்டத்தைத் தொட முடியாது. இங்கே 1973இல் கேசவானந்த பாரதி வழக்கு, திருத்தத்துக்கே எல்லை உண்டு என்றது. அங்கே அந்தக் கெடுவுக்குள் தூங்கினால் போயிற்று. மூன்றில் இரண்டு ஏன் அவ்வளவு பெரிய விஷயம் என்பது இங்கேதான் புரியும்.

1989 முதல் விகிதாசார முறை. 225 உறுப்பினர்: 196 பேர் மாவட்டங்களிலிருந்து, 29 பேர் தேசியப் பட்டியலிலிருந்து. மாவட்டத்தில் முதலிடம் வரும் கட்சிக்கு ஒரு போனஸ் ஆசனம். 5 சதவீதத்துக்குக் கீழே போனால் ஒன்றுமில்லை. வாக்காளர் கட்சிக்கு வாக்களித்துவிட்டு, விரும்பினால் மூன்று பேருக்கு விருப்பு வாக்கும் போடலாம். ஒரே கட்சிக்காரர்கள் ஒருவரையொருவர் வெட்டிக்கொள்ள இதைவிட நல்ல ஏற்பாடு கிடையாது. ஆனாலும் ஐந்தில் நான்கு என்ற வெள்ளம் நின்றது. முஸ்லிம் கட்சி, மலையகக் கட்சி, தமிழர் கூட்டமைப்பு எல்லாம் பேரம் பேசும் இடம் பெற்றன. 2018இல் சிறிசேன பாராளுமன்றத்தைக் கலைத்தபோது உச்சநீதிமன்றம் அது செல்லாது என்றது. அந்த வழக்கிலும் சபை வாக்கெடுப்பிலும் கூட்டமைப்பின் பங்கு சிறியதல்ல. 2022இல் கோத்தபய ஓடிய பிறகு 134 எம்.பி.க்கள் ரணிலை ஜனாதிபதி ஆக்கினார்கள். அவர் 2020 தேர்தலில் தோற்றவர், கட்சிக்குக் கிடைத்த ஒரே தேசியப் பட்டியல் ஆசனத்தில் உள்ளே வந்தவர். அன்று மூன்று வாக்கு வாங்கிய அநுர குமார திசாநாயக்க 2024இல் மக்கள் வாக்கில் ஜனாதிபதியானார். அவருடைய தேசிய மக்கள் சக்தி அதே நவம்பரில் 159 ஆசனங்கள் பெற்றது. மூன்றில் இரண்டு என்பது 150. பதுளையிலிருந்து அம்பிகா சாமுவேல், நுவரெலியாவிலிருந்து கிருஷ்ணன் கலைச்செல்வி என மலையகத் தமிழ்ப் பெண்கள் அவைக்குள் போனதும் அந்தத் தேர்தலில்தான்.

யாழ்ப்பாண மாவட்டத்துக்கு 2010இல் 9 ஆசனங்கள் இருந்தன. 2024இல் 6. யாரும் சட்டம் போட்டுக் குறைக்கவில்லை. 196இல் 36 மாகாணத்துக்கு நாலு என்று நிரந்தரம். மீதி 160ஐ வாக்காளர் பதிவேட்டைப் பார்த்து மாவட்டங்களுக்குப் பிரிக்கிறார்கள். செத்தவன், காணாமல் போனவன், டொராண்டோவிலும் பாரிசிலும் இருக்கிறவன் பெயர்கள் பதிவேட்டிலிருந்து போகப் போக ஆசனமும் போகிறது. 1971 ஜனத்தொகைக் கணக்கில் உறைய வைத்த நம்முடைய 39 தொகுதிகள் பற்றி இங்கே பேசுகிறவர்கள் இந்தக் கணக்கை ஒருமுறை பார்ப்பது நல்லது. இரண்டும் ஒன்றல்ல என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்; அங்கே எண்ணிக்கையைக் குறைத்தது யுத்தம்.

நாடற்றவர்களை 1964இல் சாஸ்திரியும் சிறிமாவோவும் பங்கு போட்டார்கள்: 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மீதி 1,50,000 பேரை அப்புறம் பார்க்கலாம். அந்தச் ஜனங்களை யாரும் கேட்கவில்லை. வந்தவர்களுக்காகத் தமிழக அரசு 1968இல் தொடங்கிய தேயிலைத் திட்டம்தான் டான்டீ. எங்க பக்கத்திலிருந்து மேட்டுப்பாளையம் வழியாக மலை ஏறினால் கோத்தகிரியில், கூடலூரில் அவர்களைப் பார்க்கலாம்; மறுபடியும் லயம், மறுபடியும் கொழுந்து. அங்கேயே தங்கி, கலவரங்களுக்குப் பயந்து வன்னிக்குப் போய், அங்கிருந்து படகேறி வந்தவர்கள் பலர் இங்கே முகாம்களில் இருக்கிறார்கள். மதுக்கரையிலிருந்து அதிக தூரமில்லாத பூலுவபட்டியிலும் ஒரு முகாம் உண்டு; 2021 முதல் மறுவாழ்வு முகாம் என்று பெயர். இலங்கை தன் பங்குக்கு 2003இல் மிச்சமிருந்த நாடற்றவர்களுக்குக் குடியுரிமைச் சட்டம் நிறைவேற்றிவிட்டது. 2019இல் நாம் திருத்திய குடியுரிமைச் சட்டத்தின் பட்டியலில் இலங்கை இல்லை. 1987 ஜூலைக்குப் பிறகு இந்தியாவில் பிறந்த பிள்ளை குடிமகனாக வேண்டுமென்றால் அப்பாவோ அம்மாவோ இந்தியக் குடிமகனாக இருக்க வேண்டும் என்கிறது அதற்கு முந்தைய திருத்தம். முகாமில் பிறந்து, நம்ம ஊர்ப் பள்ளிக்கூடத்தில் படித்து, பெயின்ட் வேலைக்குப் போகிற பையனிடம் அப்பாவின் காகிதத்தைத்தான் கேட்கிறார்கள். மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் அவன் தலை எண்ணப்படும். வாக்காளர் பட்டியலில் அவன் பெயர் இல்லை.