வெட்டி எடுக்கப்பட்ட நொடிகள்

அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் எரின் லீ கார், இணையத்தோடு பின்னிக்கிடக்கும் குற்ற வழக்குகளைத் தொடர்ந்து படமாக்கி வருபவர். 2015-இல் வந்த 'தாட் க்ரைம்ஸ்', பெண்களைக் கடத்திக் கொன்று தின்பது பற்றி இணைய அரட்டையில் எழுதிக் குவித்த நியூயார்க் காவலர் ஒருவரின் கதை. 2013-இல் அவரைக் குற்றவாளி என்றது நடுவர் குழு. கடத்தலுக்குச் சதி செய்தார் என்ற தீர்ப்பை அடுத்த ஆண்டே நீதிபதி ரத்து செய்தார். வீட்டுக்காவலில் அந்த மனிதர் சமைத்துக்கொண்டிருப்பதைப் படம் நிதானமாகக் காட்டுகிறது. பார்ப்பவருக்கு வயிற்றைப் பிசைகிறது.

2019-இல் வந்த 'ஐ லவ் யூ, நவ் டை' இதைவிடக் கனமானது. காதலனின் தற்கொலைக்குக் காரணமானவர் என்று தண்டிக்கப்பட்ட இளம்பெண்ணின் வழக்கு அது. இருவரும் பரிமாறிக்கொண்ட குறுஞ்செய்திகள் எழுத்தெழுத்தாகத் திரையில் வருகின்றன. முதல் பகுதி அரசுத் தரப்பு, இரண்டாம் பகுதி எதிர்த்தரப்பு. முன்னும் பின்னும் என்ன எழுதப்பட்டது என்று தெரிந்ததும், முதல் பகுதியில் எடுத்த முடிவு ஆட்டம் காண்கிறது. எரின் லீ காரின் திறமை முழுதும் அந்த அடுக்கில்தான் இருக்கிறது.

விடுபட்டதைத் தேடும் இந்த உழைப்பு நமக்கும் தேவைப்படுகிறது. 2018-இல் இந்தியா முழுவதும் பரவிய 'பிள்ளை பிடிக்கும்' காணொளி, உண்மையில் கராச்சியில் எடுக்கப்பட்ட விழிப்புணர்வுப் படம். பைக்கில் வந்து குழந்தையைத் தூக்கிச் சென்றவர்கள் திரும்பி வந்து, அறிவிப்புப் பலகையைக் காட்டுவதோடு அது முடியும். அந்தக் கடைசி நொடிகளை யாரோ வெட்டிவிட்டார்கள். வாட்ஸ்அப் வதந்திகள் பரவிய அந்த ஆண்டு மே மாதத்தில், திருவண்ணாமலை மாவட்டம் போளூர் அருகே, கோயிலுக்குக் காரில் வந்த மூதாட்டி ஒருவர் அடித்துக் கொல்லப்பட்டார். குழந்தைகளுக்கு அவர் சாக்லேட் கொடுத்ததே சந்தேகத்துக்குப் போதுமானதாக இருந்தது. ஜூலையில் வாட்ஸ்அப் நிறுவனம், ஒரு செய்தியை ஐந்து உரையாடல்களுக்கு மேல் ஒரே நேரத்தில் அனுப்ப முடியாதபடி இந்தியாவில் கட்டுப்பாடு கொண்டுவந்தது.

அதன் பிறகும் வாட்ஸ்அப்பின் ஆபத்து ஓயவில்லை. கள்ளக்குறிச்சியிலிருந்து சேலம் போகும் சாலையில் இருக்கிறது கனியாமூர். 2022 ஜூலை 13-இல் அங்கே பள்ளி மாணவி ஒருவர் இறந்து கிடந்தார். நீதி கேட்ட குரல் நியாயமானது. ஆனால் 17-ஆம் தேதி பள்ளிப் பேருந்துகள் எரிந்தன, மாணவர்களின் சான்றிதழ்களும் சாம்பலாயின. கூட்டம் வாட்ஸ்அப் குழுக்கள் வழியே திரட்டப்பட்டது என்றது காவல்துறை. மறுநாள் சென்னை உயர் நீதிமன்றம் மறு உடற்கூராய்வுக்கு உத்தரவிட்டது. கலவரம் திட்டமிட்டது போலத் தெரிகிறது என்றும் சொன்னது.

மின்னணுப் பதிவை நீதிமன்றம் சான்றாக ஏற்க, உரிய சான்றிதழ் வேண்டும். படமெடுப்பவரும் அதே கறாரோடு, எந்தச் செய்தி எப்போது யாரிடமிருந்து கிளம்பியது என்று அடுக்க வேண்டும். கனியாமூர் பற்றி அப்படியொரு படமெடுக்கும் வேலையைக் கள்ளக்குறிச்சி வட்டாரத்து இளைஞர்கள் கையிலெடுக்கட்டும். இறந்த மாணவியின் பெயரும் முகமும் மட்டும் படத்தில் வேண்டாம்.