வலி நின்றால் மூட்டு சுகமாகிவிட்டதா?



எரியோடு, வேடசந்தூர் பக்கத்துக் கிராமங்களிலிருந்து முழங்கால் வீக்கத்தோடு ஆஸ்பத்திரிக்கு வருகிறவர்களிடம், "என்னம்மா செய்கிறது?" என்று கேட்டால், பெரும்பாலும் கிடைக்கும் பதில் ஒன்றுதான்: "வாதமுங்க." இந்த ஒரு வார்த்தைக்குள் எத்தனை வியாதிகள் அடங்கிக் கிடக்கின்றன! ஒரு பக்கத்துக் கையும் காலும் விழுந்துபோனால் பக்கவாதம். விரல்கள் கோணிப்போனால் முடக்குவாதம். மூட்டு வீங்கினால் கீல்வாதம். கூரையைப் பிரித்து ஆண்டவருக்கு முன்பாக இறக்கப்பட்ட மனிதனுக்கு இருந்ததைத் திமிர்வாதம் என்கிறது நம் வேதாகமம். பெயரைப் பார்த்தால் எல்லாம் ஒரே குடும்பம். உள்ளே பார்த்தால் ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லை. ஆனால் பெயர் ஒன்றாக இருப்பதால் வைத்தியமும் ஒன்றாகிவிடுகிறது: தைலம் தேய்ப்பது, பிறகு கடையில் மாத்திரை வாங்குவது, அதற்கும் கேட்காவிட்டால் ஓர் ஊசி.

கீல்வாதம் என்ற சொல்லில் உள்ள 'கீல்' கதவுக்குப் போடுகிற கீல்தான். முழங்காலுக்கு அது மிகப் பொருத்தமான பெயர். இரண்டு எலும்பு முனைகள், அவற்றின் மேல் வழவழப்பான குருத்தெலும்பு, சுற்றிலும் ஒரு பை, அந்தப் பையின் உட்சுவரில் ஊறும் மசகு நீர். கதவு கிறீச்சிட்டால் எண்ணெய் விடுகிறோம். ஆனால் கீல் துருப்பிடித்திருக்கலாம், மண் புகுந்திருக்கலாம், நிலையே சாய்ந்திருக்கலாம். எண்ணெய் விட்டதும் சத்தம் நின்றுவிடும். கதவு ஒரு நாள் கையோடு வந்துவிடும்.

ஆகையால்தான், வீங்கிய மூட்டைப் பார்க்கும் மருத்துவர், உள்ளே மருந்து செலுத்துவதற்கு முன்னால் உள்ளே இருப்பதை வெளியே எடுத்துப் பார்க்க விரும்புகிறார். "ஊசி போட வந்தேன், நீங்கள் தண்ணீர் எடுக்கிறீர்களே!" என்று கோபித்துக்கொள்பவர்கள் உண்டு. அவர்களுக்காகவே இதைக் கொஞ்சம் விளக்கமாக எழுதுகிறேன்.

நோயாளியைப் படுக்க வைத்து, முழங்காலுக்கு அடியில் சுருட்டிய துண்டை வைத்து, தோலை அயோடின் மருந்தால் துடைத்து, மரத்துப்போகும் ஊசி போடுகிறார்கள். பிறகு முழங்கால் சில்லுக்குப் பக்கவாட்டில் ஊசியைச் செலுத்தி நீரை உறிஞ்சுகிறார்கள். சில நிமிட வேலை. சுகமான மூட்டில் சில மில்லி நீர்தான் இருக்கும். வீங்கிய மூட்டிலோ பெரிய சிரிஞ்சு நிறைய வரும். அந்த நீரின் நிறமே பாதிக் கதையைச் சொல்லிவிடுகிறது. வைக்கோல் நிறத்தில் தெளிவாக, விரலில் தொட்டால் நூலாக நீண்டால், அது பெரும்பாலும் தேய்மானம். மஞ்சளாகக் கலங்கி, நூலாக நீளாமல் சொட்டினால் உள்ளே அழற்சி. இரத்தமாக வந்தால் அடிபட்டிருக்கலாம், அல்லது இரத்தம் உறையாத பரம்பரை வியாதியாக இருக்கலாம். சீழாக வந்தால் அதற்குமேல் காத்திருக்கக் கூடாது.

மீதிக் கதையை நுண்ணோக்கி சொல்கிறது. ஒரு கன மில்லிமீட்டர் நீரில் வெள்ளை அணுக்கள் 200-க்குள் இருப்பது இயல்பு. 50,000-ஐத் தாண்டினால் கிருமி புகுந்திருக்கிறது என்றே எண்ணிச் செயல்பட வேண்டும். அந்நீரிலிருந்து கிருமியை வளர்த்து, எந்த மருந்துக்கு அது அடங்கும் என்றும் பார்க்கலாம். காசநோய்க் கிருமிக்குத் தனிப் பரிசோதனை உண்டு. 'கவுட்' என்னும் யூரிக் அமில வியாதியில், அந்த அமிலம் ஊசி ஊசியாகப் படிந்து கிடப்பதை முனைவாக்கிய ஒளி நுண்ணோக்கியில் கண்ணாலேயே காணலாம். 1961-ல் அமெரிக்காவின் பிலடெல்பியா நகரில் மெக்கார்ட்டி, ஹாலண்டர் என்ற இரு மருத்துவர்கள் இதைக் கண்டு சொன்னார்கள். அதுவரை வெறும் அனுமானமாக இருந்தது அன்றைக்குச் சாட்சியாயிற்று. வலி உச்சத்தில் இருக்கும் நாளில் இரத்தத்தில் யூரிக் அமிலம் சரியான அளவில் இருப்பதும் உண்டு. இரத்தப் பரிசோதனையை மட்டும் நம்பினால் ஏமாந்துபோவோம்.

சீழ் பிடித்த மூட்டைப் பற்றிச் சற்று நின்று சொல்ல வேண்டும். நேற்றுவரை ஓடியாடிய குழந்தைக்குக் காய்ச்சல். காலைத் தொட்டாலே அலறுகிறது, நிற்க மறுக்கிறது. கீழே விழுந்திருப்பான் என்று நினைத்து வீட்டில் எண்ணெய் போட்டுத் தடவுகிறார்கள். இடுப்பு மூட்டுக்குள் சீழ் கட்டினால் குருத்தெலும்பு சில நாட்களிலேயே கரையத் தொடங்கிவிடும். ஒரு வாரம் கழித்து வருகிற குழந்தையின் உயிரைக் காப்பாற்றலாம். ஆனால் அந்தக் கால் அதன் ஆயுள் முழுவதும் கட்டையாகவே இருந்துவிடக்கூடும். அன்றைக்கே வந்திருந்தால் மூட்டைத் திறந்து கழுவி, சில வாரங்கள் கிருமிக்கொல்லி மருந்து கொடுத்து, ஓடவிட்டு அனுப்பியிருக்கலாம். வலியை மட்டும் அடக்கும் ஊசி ஒன்று இடையில் போடப்பட்டிருந்தால் இன்னும் மோசம். குழந்தை தூங்கும், வீட்டாரும் நிம்மதியாகத் தூங்குவார்கள்.

இதற்கு நேர்மாறாக, வலி தானாகவே போய்விடுகிற வியாதியும் ஒன்று உண்டு. பள்ளிக்கூடத்துப் பிள்ளைக்குத் தொண்டை வலி வருகிறது, போகிறது. இரண்டு மூன்று வாரம் கழித்து முழங்கால் வீங்குகிறது, அது வடிந்ததும் கணுக்கால், பிறகு முழங்கை. சில நாட்களில் எல்லாம் சரியாகிவிடும். மூட்டில் ஒரு தழும்புகூட இராது. பெற்றோர் நேர்ந்துகொண்டதைச் செலுத்திவிட்டு மறந்துவிடுகிறார்கள். ஆனால் இந்த ருமாட்டிக் காய்ச்சல் மூட்டை விட்டுவிட்டு இதயத்தின் வால்வைப் பிடித்துக்கொள்ளக்கூடியது. பல வருடங்கள் கழித்து, பெண்ணுக்குத் திருமணமாகி முதல் கர்ப்பத்தில் மூச்சுத் திணறும்போதுதான் விஷயம் வெளியே வரும். மூட்டு வலியோடு வந்த பிள்ளையின் மார்பில் மருத்துவர் ஸ்டெதாஸ்கோப் வைப்பதும், எக்கோ பரிசோதனைக்கு எழுதிக் கொடுப்பதும் இதனால்தான். வைத்தியம் பெரிய செலவில்லை: மூன்று வாரத்துக்கு ஒரு பென்சிலின் ஊசி. ஆனால் அதைக் குறைந்தது ஐந்து ஆண்டு, இதயம் பாதித்திருந்தால் பத்து ஆண்டும் அதற்கு மேலும், தவறாமல் போட வேண்டும். வலியே இல்லாத பிள்ளையைப் பத்து வருடம் ஊசிக்கு வரவழைப்பது எந்த ஆபரேஷனையும்விடக் கடினம். புதிய கட்டடத்தைப் படமெடுத்து நண்பர்களுக்கு அனுப்பலாம். வராத பிள்ளையின் பெயரை ஒரு பதிவேட்டில் பார்த்து, அதன் வீட்டைத் தேடிப் போகிற நர்ஸை எப்படிப் படமெடுப்பது?

வலியே தெரியாவிட்டால் உறுப்பு எப்படி அழியும் என்று உலகுக்குக் காட்டியதில் நம் தமிழ்நாட்டு மிஷன் ஆஸ்பத்திரி ஒன்றுக்கும் பங்கு உண்டு. டாக்டர் பால் பிராண்ட் 1914-ல் கொல்லிமலையில் மிஷனெரிப் பெற்றோருக்குப் பிறந்தவர். 1946-ல் வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரிக்கு வந்தார். குஷ்டரோகிகளின் விரல்களை வியாதியே தின்றுவிடுகிறது என்று அக்காலத்தில் எல்லோரும் நம்பினார்கள். பிராண்ட் கவனித்துப் பார்த்தார். உணர்ச்சி இல்லாததால், சூடான பாத்திரத்தைப் பிடிக்கிறார்கள்; ஆணி குத்தினாலும் நடக்கிறார்கள். அழிவுக்குக் காரணம் வலி இல்லாமைதான் என்று கண்டார். முடங்கிப்போன விரல்களுக்கு வேறு தசை நாணை மாற்றிப் பொருத்தும் அறுவையை 1948-ல் தொடங்கினார். 2003-ல் காலமாகும்வரை, வலியை ஓர் ஈவு என்றே சொல்லிவந்தார்.

இன்றைக்கு இந்தப் பாடம் அதிகமாகத் தேவைப்படுவது சர்க்கரை வியாதிக்காரர்களுக்கு. பாதத்தில் உணர்ச்சி குறைந்தபின், ஒரு நாள் கணுக்கால் பக்கம் வீங்கிச் சூடாக இருக்கும். வலி இராது, அல்லது சொற்பமாக இருக்கும். வலி இல்லையே என்று நடந்துகொண்டே இருந்தால் பாத எலும்புகள் நொறுங்கி, உள்ளங்கால் தோணி போலக் கவிழ்ந்துவிடும். ஆரம்பத்திலேயே வந்தால், மாவுக்கட்டுப் போட்டுப் பாரத்தை இறக்கி வைத்தே காலைக் காப்பாற்றலாம்.

கை விரல்களில், இரண்டு கைகளிலும் ஒரே மாதிரி வீக்கம்; காலையில் எழுந்தால் ஒரு மணி நேரத்துக்கு மேல் விரலை மடக்க முடியவில்லை; குடத்தைத் தூக்க முடியவில்லை, பின்னலைப் பின்ன முடியவில்லை என்றால் அது முடக்குவாதமாக இருக்கலாம். பெண்களுக்கே அதிகம் வருகிறது. இரத்தப் பரிசோதனையும் கை எக்ஸ்ரேயும் உறுதி செய்யும். மெத்தோட்ரெக்ஸேட் என்ற மாத்திரை இதற்கு முதல் மருந்து, விலை குறைவு, விரல் கோணுவதற்கு முன்னே தொடங்கினால் கைகளைக் காக்கும். ஒரு எச்சரிக்கையைத் தடித்த எழுத்தில் போட வேண்டும்: அது வாரத்துக்கு ஒரே ஒரு நாள் எடுக்கும் மருந்து. தினமும் எடுத்து உயிரிழந்தவர்கள் உண்டு. எழுத்து வாசிக்கத் தெரியாதவர்களுக்கு ஞாயிறு என்றால் ஞாயிறு என்று நாளைக் குறித்துச் சொல்லி, திருப்பிச் சொல்லவும் வைக்க வேண்டும்.

இதே நோயாளிகளில் சிலர், பெயர் எழுதாத பொட்டலத்தில் வாங்கிய மாத்திரையால் பல மாதம் சுகமாக இருந்ததாகச் சொல்வார்கள். அவற்றில் ஸ்டீராய்டு கலந்திருப்பது பலமுறை தெரியவந்திருக்கிறது. முகம் உருண்டையாகும், "உடம்பு தேறிவிட்டது" என்று அக்கம்பக்கத்தில் மெச்சுவார்கள். சர்க்கரை ஏறும், எலும்பு மெலியும், கிருமிகளுக்கு எதிர்ப்பு குறையும். திடீரென்று நிறுத்தினாலும் ஆபத்து. ஸ்டீராய்டு கெட்ட மருந்து அல்ல. அளவோடு, காரணத்தோடு கொடுத்தால் அருமையான மருந்து. என்ன சாப்பிடுகிறோம் என்று தெரியாமல் சாப்பிடுவதுதான் கேடு.

நம் மாவட்டத்துக்கென்று ஒன்று. திண்டுக்கல் மாவட்டத்தின் சில பகுதிகளில் நிலத்தடி நீரில் ஃபுளோரைடு அதிகம். குடிநீரில் லிட்டருக்கு 1.5 மில்லிகிராமுக்கு மேல் போகக்கூடாது. நெடுங்காலம் அத்தகைய ஆழ்குழாய் நீரைக் குடித்தால் பல்லில் பழுப்புக் கறை விழும். மிக அதிகமானால் முதுகும் மூட்டும் கட்டையாகும். அப்போதைய சென்னை மாகாணத்தின் நெல்லூர் பகுதியில் ஷார்ட், பண்டிட், ராகவாச்சாரி ஆகிய மூவர் 1937-ல் இவ்வியாதியை விவரித்தார்கள். முன்கை எக்ஸ்ரேயில் இரண்டு எலும்புகளுக்கு நடுவிலுள்ள சவ்வில் சுண்ணாம்பு படிந்திருப்பது இதன் அடையாளம். மருந்து கிடையாது, நீரை மாற்றுவதே வழி. கொதிக்க வைத்தால் ஃபுளோரைடு போகாது.

இனி நம் பாட்டிமார்களின் முழங்கால். இங்கே நான் இதுவரை சொன்னதைக் கொஞ்சம் திருப்பிச் சொல்ல வேண்டியிருக்கிறது. தேய்ந்த குருத்தெலும்பை மறுபடியும் வளர்க்கும் மருந்து இதுவரை இல்லை. ஆகவே வேறு வியாதி இல்லை என்று உறுதியானபின், வலியைக் குறைத்து நடக்க வைப்பதே இங்கு வைத்தியம். நிற்க வைத்து எடுத்த எக்ஸ்ரே ஒன்று போதும். படுக்க வைத்து எடுத்தால் இடைவெளி குறைந்தது தெரியாது. நாற்காலியில் உட்கார்ந்து காலை நேராக நீட்டிப் பத்து எண்ணும்வரை பிடித்து இறக்குவது, தொடைத் தசையைப் பலப்படுத்தும். தினமும் செய்கிறவர்களுக்கு மாத்திரை குறைகிறது. கைத்தடியை வலிக்கிற காலுக்கு எதிர்க் கையில் பிடிக்க வேண்டும். பெரும்பாலோர் மாற்றித்தான் பிடிக்கிறார்கள்.

சிறு துளை வழியாகக் கருவியை விட்டு மூட்டின் உள்ளே பார்க்கும் ஆர்த்ரோஸ்கோப்பி, ஜவ்வு கிழிந்த வாலிபருக்கு மிகவும் உதவும். தேய்ந்த முழங்காலை அதன் வழியாகக் கழுவினால் சுகமாகுமா? அமெரிக்காவில் ஹூஸ்டனில் 180 பேரைக் கொண்டு செய்த ஆய்வு 2002-ல் வெளியானது. சிலருக்கு உண்மையான ஆபரேஷன். சிலருக்கு அவர்கள் சம்மதத்தோடு தோலில் மட்டும் வெட்டு. இரண்டு ஆண்டு கழித்தும் இரு கூட்டத்தாருக்கும் வித்தியாசமில்லை. யாராவது இந்த ஆபரேஷனுக்குப் பணம் கட்டச் சொன்னால், எதற்காக என்று ஒரு வார்த்தை கேளுங்கள்.

எழுந்து கழிப்பறைக்குப் போவதே போராட்டமானால் மூட்டு மாற்று அறுவை உண்டு. இங்கிலாந்தில் ஜான் சார்ன்லி 1962-ல் உலோகக் குண்டும் பிளாஸ்டிக் கிண்ணமும் கொண்டு இடுப்பு மூட்டு அமைத்ததிலிருந்து இது வளர்ந்தது. மாற்றிய முழங்கால்களில் பத்தில் எட்டு 25 ஆண்டுகளுக்குப் பிறகும் உழைக்கின்றன. செயற்கை மூட்டின் விலைக்கு 2017 ஆகஸ்டில் மத்திய அரசு உச்சவரம்பு விதித்தது. தகுதியுள்ள குடும்பங்களுக்கு முதலமைச்சரின் காப்பீட்டுத் திட்டமும் உண்டு. அடுத்த நாளே நடக்க வைப்பார்கள். ஆனால் தரையில் குந்தி உட்காருவதை விட்டுவிட வேண்டும் என்பதை ஆபரேஷனுக்கு முன்பே பாட்டிக்குச் சொல்லிவிட வேண்டும். ஊரில் மேற்கத்திய கழிப்பறை இருக்கிறதா என்றும் விசாரிக்க வேண்டும்.

உங்கள் சபையிலோ வீட்டிலோ மூட்டு வலிக்காரர் ஒருவரை ஆஸ்பத்திரிக்கு அழைத்துவந்தால், பழைய சீட்டு, எக்ஸ்ரே இவற்றோடு அவர் இதுவரை சாப்பிட்ட மாத்திரைகள் எல்லாவற்றையும், பெயர் இல்லாத பொட்டலங்களையும் சேர்த்து, ஒரு மஞ்சள் பையில் போட்டுக் கொண்டுவாருங்கள். முழங்காலைத் தொடுமுன் மருத்துவர் அந்தப் பையைத்தான் முதலில் கொட்டிப் பார்ப்பார்.